முக்குக் கடையில் ஒரு நாற்காலி

தென் மும்பையின் பழைய தெருக்களில் இரண்டு சாலைகள் சந்திக்கும் முக்குகளைப் பார்த்துக்கொண்டே நடந்தால் ஒன்று புரியும். அந்த முக்கில் ஓர் இரானிக் கடை இருக்கும்; இல்லையென்றால் முன்பு இருந்திருக்கும். முக்கு மனை ஆகாது என்று இந்து வணிகர்கள் ஒதுக்கியதால் இரானியருக்கு அது சல்லிசாகக் கிடைத்தது என்பது ஊரெல்லாம் சொல்லும் கதை. கதை எப்படியோ, முக்கில் அமைந்ததால் கடைக்கு இரண்டு தெருப் பக்கமும் வாசல். உயரமான கூரை, சுவரில் பெரிய கண்ணாடிகள், வளைத்துச் செய்த மரநாற்காலிகள், பளிங்குப் பலகை போட்ட மேசைகள். வாசலை ஒட்டிக் கல்லா. அதன் பக்கத்துக் கண்ணாடிப் பெட்டிகளில் ரொட்டி, பிஸ்கட், கேக். முட்டை, வெண்ணெய், சோப்பு, பற்பசைகூட அங்கேயே வாங்கிக்கொள்ளலாம்.

இந்தக் கடைகளைத் தொடங்கியவர்கள் பார்சிகளைப் போலவே ஜொராஸ்டிரிய மதத்தவர்தான். ஆனால் பல நூற்றாண்டுகள் பிந்தி வந்தவர்கள். 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிலும் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் பாரசீகத்தின் யஸ்து, கெர்மான் பகுதிகளிலிருந்து பஞ்சத்துக்கும் அடக்குமுறைக்கும் தப்பிப் பம்பாய்க்கு வந்தார்கள். ஜொராஸ்டிரியர் மீதான ஜிஸ்யா என்ற தலைவரியைப் பாரசீக அரசு நீக்கியதே 1882இல்தான். மெட்ரோ தியேட்டருக்கு எதிரே இன்றும் நடக்கும் கயானி கடை 1904இல் தொடங்கியது. சாசானியன் 1913, கிராண்ட் ரோடு ரயில் நிலையத்துக்குப் பக்கத்து மெர்வான் 1914, பல்லார்ட் எஸ்டேட் பிரிட்டானியா 1923. தமிழர்கள் மிகுந்த மாட்டுங்காவில், கிங்ஸ் சர்க்கிள் முக்கில், கூலார் கடை 1932இல் வந்தது. அதே வட்டாரத்தில் கஃபே மெட்ராஸ் 1940இல் தோசை சுடத் தொடங்கியபோது கூலாரின் ஆம்லெட்டுக்கு ஏற்கெனவே எட்டு வயது.

காலைப் பலகாரம் எளிமையானது. ப்ருன் என்பது மேல்தோல் முறுகி, கடித்தால் நொறுங்கும் ரொட்டி. அதை நடுவில் கீறி வெண்ணெயைத் தாராளமாகத் தடவித் தருவார்கள். மென்மையான ரொட்டி வேண்டுமென்றால் பன் மஸ்கா. கூடவே பால் தூக்கலாக, நன்றாகக் கொதித்த தேநீர். காசு கொஞ்சம் கூடுதலாக இருந்தால் பாவ் ரொட்டியோடு கொத்துக்கறி தரும் கீமா பாவ், அல்லது பச்சைமிளகாயும் கொத்தமல்லியும் போட்டுக் கிளறிய பார்சி முட்டைப் பொரியலான அகூரி. மெர்வானின் மாவா கேக்குக்குக் காலையிலேயே போய்விட வேண்டியிருந்தது. தாமதித்தால் காலித் தட்டுதான். பல கடைகளுக்குப் பின்கட்டிலேயே விறகடுப்பு இருந்தது. இரவெல்லாம் மாவு பிசைந்து, விடிவதற்குள் ரொட்டியை எடுத்துவிடுவார்கள்.

இந்தப் பண்டங்களைவிட எனக்கு முக்கியமாகத் தோன்றுவது, அங்கே உட்கார முடிந்தது என்பதுதான். சாதியும் மதமும் பார்த்துச் சாப்பாட்டு விடுதிகள் நடந்த காலம் அது. இரானிக் கடையின் பளிங்கு மேசையில் ஆலைத் தொழிலாளியும் வழக்கறிஞரின் குமாஸ்தாவும் டாக்ஸி ஓட்டுநரும் வேலை தேடி நேற்று வந்திறங்கியவனும் எதிரெதிரே உட்கார்ந்தார்கள். ஒரு தேநீரை வைத்துக்கொண்டு ஒரு மணி நேரம் செய்தித்தாள் படிக்கலாம். எச்சில் துப்பாதே, தலை வாராதே என்று சுவரில் பலகைகள் மிரட்டும். ஆனால் நீ யார் என்று எந்தப் பலகையும் கேட்காது. பத்துக்குப் பத்து அறையில் எட்டுப் பேர் முறைவைத்துத் தூங்கிய நகரத்தில், ஓர் ஏழைக்குச் சாய்ந்து உட்காரக் கிடைத்த நாற்காலி அதுதான்.

அந்தத் தாராளத்துக்குக் கடைக்காரரின் நல்ல மனம் மட்டும் காரணமில்லை. 1947ஆம் ஆண்டு பம்பாய் வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் பழைய கட்டடங்களின் வாடகையை 1940ஆம் ஆண்டு நிலவரத்தில் நிறுத்திவைத்தது. நகரத்தின் நடுவில், மூன்று ஆள் உயரக் கூரைக்குக் கீழே, மிகச் சொற்ப வாடகையில் கடை நடத்த முடிந்தது. அதனால்தான் ஒற்றைத் தேநீரோடு உட்கார்ந்திருப்பவரை எழுப்பிவிட வேண்டிய அவசரம் முதலாளிக்கு இருக்கவில்லை. இந்தக் கணக்கை விட்டுவிட்டு இரானிக் கடைகளின் அருமையை மட்டும் பேசும் கட்டுரைகள் எனக்கு நிறைவு தருவதில்லை.

1950களில் முந்நூற்றைம்பது அளவுக்கு இரானிக் கடைகள் இருந்ததாகச் சொல்வார்கள். இன்று அவற்றில் பத்தில் ஒன்றுகூட மிஞ்சியிருக்குமா என்பது சந்தேகம். துணி ஆலைப் பகுதிக் கடைகளுக்கு அடி 1982இல் விழுந்தது. தொழிற்சங்கத் தலைவர் தத்தா சாமந்த் தலைமையில் இரண்டரை லட்சம் பேர் நடத்திய வேலைநிறுத்தத்துக்குப் பிறகு பல ஆலைகளின் சங்கு மறுபடி ஊதவேயில்லை. ஷிஃப்ட் முடிந்து கூட்டமாக வந்து தேநீர் குடித்தவர்கள் கிராமங்களுக்குப் போய்விட்டார்கள். இன்னொரு பக்கம், இரானிக் குடும்பங்களின் பிள்ளைகள் படித்து வேறு வேலைக்குப் போனார்கள். விடிகாலை நான்கு மணிக்கு எழுந்து கல்லாவில் உட்கார அவர்கள் விரும்பாததைக் குறை சொல்ல முடியாது. கூட்டாளிகளும் வாரிசுகளும் பெருகி, மனையின் விலை கடையின் வருமானத்தைவிடப் பல மடங்கானபோது, விற்றுவிடுவதே எல்லோருக்கும் லாபமாகத் தெரிந்தது. சில கடைகள் மது விற்கும் பெர்மிட் ரூம்களாக மாறின. கயானியின் அக்கம்பக்கத்திலேயே புகழோடு இருந்த பஸ்தானி மூடிவிட்டது. 2014இல் மெர்வானும் மூடப்போகிறது என்ற செய்தி பரவியபோது மாவா கேக்குக்கு மக்கள் முண்டியடித்தார்கள். நல்லவேளையாக அது மறுபடி திறந்தது.

மிஞ்சியவற்றில் இன்று வேறு கூட்டம். விடுமுறை நாளில் கயானிக்குப் போனால் வாசலில் காத்திருக்க வேண்டும். வருகிறவர்களில் பாதிப்பேர் முதலில் செல்போனில் படமெடுத்துவிட்டுத்தான் பன்னைத் தொடுகிறார்கள். பழைய மும்பையைச் சுற்றிக்காட்டும் வழிகாட்டிகளும் அங்கே கொண்டுவந்து நிறுத்துகிறார்கள். விலை இன்னும் கட்டுப்படியாகும்தான். ஆனால் வெளியே நாலு பேர் நிற்கும்போது ஒரு தேநீரோடு ஒரு மணி நேரம் உட்கார யாருக்கு மனம் வரும்?

அந்த நாற்காலியும் கண்ணாடியும் கடல் தாண்டியும் போயிருக்கின்றன. 2010இல் லண்டனில் திறந்த டிஷூம் உணவகம் பம்பாய் இரானிக் கடையின் தோற்றத்தை அப்படியே எடுத்துக்கொண்டது. இன்று பல கிளைகள். காலையில் பேக்கன் நான் ரோலுக்குப் பெரும் கூட்டம். இந்தியாவிலேயே சோடாபாட்டில்ஓப்பனர்வாலா என்ற உணவகங்கள் 2013 முதல் அதே அலங்காரத்தோடு நடக்கின்றன. அவர்கள் அதை அன்போடுதான் செய்திருக்கிறார்கள். ஆனால் நிறுத்திவைத்த வாடகையை எந்த அலங்காரக்காரரும் கொண்டுவர முடியாது. அதனால் ஒற்றைத் தேநீரோடு உட்காருபவர் அங்கே வருவதில்லை.

பாந்த்ராவிலும் லோயர் பரேலிலும் புதிதாக எழுந்துள்ள பேக்கரிக் கஃபேக்களுக்கும் அதே வாடகைக் கணக்குதான். லோயர் பரேலில் மூடிய ஆலைகளின் வளாகங்களுக்குள்ளேயே உணவகங்கள் நடக்கின்றன. புளித்த மாவில் செய்த சவர்டோ ரொட்டி, அவகாடோ டோஸ்ட், முட்டை மேல் ஹாலண்டேஸ் சாஸ் ஊற்றிய எக்ஸ் பெனடிக்ட். ஞாயிறு காலை பதினொரு மணிக்குக் குடும்பத்தோடு வந்து, காலைப் பலகாரத்தையும் மதியச் சாப்பாட்டையும் ஒன்றாக முடித்துவிட்டுப் போகிறார்கள். ஒரு தட்டுக்கு ஐந்நூறு, அறுநூறு ரூபாய். 2004இல் கொலாபாவில் ஒரு பார்சிக் குடும்பம் பேட்டைக் கஃபேயாகத் தொடங்கிய தியோப்ரோமா இன்று பல நகரங்களில் நூற்றுக்கும் மேற்பட்ட கடைகளோடு பெரிய வணிகமாகிவிட்டது.

இந்தப் புதிய கடைகளை நான் வெறுக்கவில்லை. பல கடைகளில் ரொட்டி உண்மையிலேயே நன்றாக இருக்கிறது. அதைவிடப் பெரிய விஷயம் ஒன்று உண்டு. பழைய இரானிக் கடை பெரும்பாலும் ஆண்களின் இடம். பெண்கள் வந்தால் ‘ஃபேமிலி ரூம்’ என்ற தடுப்புக்குப் பின்னாலோ, மாடத்திலோ, வீட்டாரோடுதான் உட்கார்ந்தார்கள். இன்று பாந்த்ராக் கஃபேயில் ஓர் இளம்பெண் தனியாக வந்து, லேப்டாப்பை விரித்து, இரண்டு மணி நேரம் வேலை பார்த்துவிட்டுப் போகிறாள். யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை. அன்று தொழிலாளிக்குக் கிடைத்தது இன்று அவளுக்குக் கிடைத்திருக்கிறது. வருத்தம் என்னவென்றால், அவளுடைய வீட்டுக்குச் சமைக்க வரும் பெண்ணுக்கு அந்த நாற்காலி கிடைக்காது.

அந்தப் பெண்ணும் அவள் கணவனும் காலையில் சாப்பிடுவது பாவ். தெரு முனையில் வடா பாவ் விற்பவருக்கும் கீமா பாவ் கடைக்கும் ரொட்டி போவது பெயர்ப்பலகைகூட இல்லாத பேட்டைப் பேக்கரிகளிலிருந்து. அங்கே வேலை செய்பவர்களில் பலர் உத்தரப் பிரதேசத்திலிருந்து வந்தவர்கள். அடுப்புக்குப் பக்கத்திலேயே தங்கி, அங்கேயே தூங்குகிறவர்கள். பல பேக்கரிகளில் எரிப்பது பழைய மேசை, கதவு உடைத்த மரம். மலிவு என்பதால் அதை வாங்குகிறார்கள். வார்னிஷும் பெயின்ட்டும் சேர்ந்து எரியும் அந்தப் புகையை முதலில் சுவாசிப்பது அடுப்புக்காரர். பிறகு மேல்மாடிக் குழந்தைகள்.

நகரத்தின் காற்று மாசு குறித்துத் தானே முன்வந்து எடுத்த வழக்கில், மும்பை உயர்நீதிமன்றம் 2025 ஜனவரியில் உத்தரவிட்டது: விறகும் கரியும் எரிக்கும் பேக்கரிகள் ஆறு மாதத்துக்குள் எரிவாயுவுக்கோ வேறு மாசில்லாத எரிபொருளுக்கோ மாற வேண்டும். மாநகராட்சி நோட்டீஸ் அனுப்பியது. உத்தரவு சரியானது என்றே நினைக்கிறேன். விறகடுப்பு ரொட்டியின் மணத்துக்காக அந்த நுரையீரல்களைப் பலிகொடுக்கச் சொல்ல முடியாது. ஆனால் அடுப்பை மாற்ற லட்சக்கணக்கில் செலவாகும். நெரிசலான சந்துகளுக்குக் குழாய் எரிவாயு வந்து சேர வேண்டும். ஐந்நூறு ரூபாய்க்குத் தட்டு விற்கும் கஃபேக்கு மின்சார அடுப்பு வாங்குவது ஒரு பொருட்டே இல்லை. ஆறு பாவ் ஒட்டிய லாதியைச் சில ரூபாய் லாபத்துக்கு விற்பவருக்கு அது முழுக் கடையின் விலை. முன்பு சட்டம் வாடகையை ஏறவிடாமல் நிறுத்தியதால் முக்குக் கடையில் எல்லோருக்கும் இடம் இருந்தது. இப்போது அடுப்பு மாற்றும் செலவில் ஒரு பங்கை மாநகராட்சியும் மாநில அரசும் ஏற்றுக்கொண்டால் பாவ் பழைய விலையில் நிற்கும். இல்லையென்றால் ஏறும் ஒவ்வொரு ரூபாயும் காலையில் வடா பாவ் மட்டுமே சாப்பிட்டு வேலைக்குப் போகிறவரின் தலையில்தான் விழும்.