உள்ளத்துப் புண்



மொழிபெயர்ப்பைத் தொழிலாகக் கொண்டோர்க்குச் சில சொற்கள் எளிதில் வசப்படுவதில்லை. மருத்துவ நூல்களில் வழங்கும் 'டிராமா' அவற்றுள் ஒன்று. தமிழ் எழுத்தில் வரைந்தால் நாடகமோ என்று மயங்கவும் இடமுண்டு. கிரேக்க மொழியில் அச்சொல்லுக்குப் 'புண்' என்பதே பொருள். நாமோ 'மன அதிர்ச்சி' என்கிறோம். அதிர்ச்சி தோன்றி அடங்கிவிடும். புண் ஆறும் வரை வருத்தும்.

இவ்வேற்றுமையை எனக்கு உணர்த்தியவர், தில்லியில் என் அண்டை வீட்டில் வாழ்ந்த தமிழர் ஒருவர். பேருந்து விபத்தொன்றில் சிறு கீறலுமின்றி உயிர் தப்பினார். ஆயினும் இரண்டு மாதங்கள் கழிந்த பின்னும், வண்டியின் பிரேக் கிறீச்சிடக் கேட்டால் அவருக்கு உடல் வியர்க்கும். இரவில் அலறி எழுவார். பேருந்துச் சாலையைத் தவிர்த்துச் சுற்றி நடப்பார். "நடந்ததை மறந்துவிடுங்கள்" என்றேன். "மறக்கத்தானே முயல்கிறேன்" என்றார். என் அறிவுரையின் பேதைமை அப்போதுதான் விளங்கிற்று. ஆபத்தை அறிவிக்கும் மூளைப்பகுதி, ஆபத்து நீங்கிய பின்னும் ஓயாது எச்சரிக்கும் நிலை அது. கட்டளையிட்டு அதனை அடக்க இயலாது.

இதனைக் கோழைத்தனம் என்று கருதிய காலம் உண்டு. முதல் உலகப் போரில் நடுக்கமும் பேச்சிழப்பும் உற்ற வீரர் பலர் அவ்வாறே பழிக்கப்பட்டனர். 1980-ஆம் ஆண்டில்தான் அமெரிக்க மனநல மருத்துவர் சங்கம் இதனைத் தனியொரு நோயாக வகுத்தது.

இப்புண்ணை மூவகையாகப் பிரித்துக் காணலாம். ஒரே நிகழ்ச்சியால் விளைவது முதல் வகை. 2001-ஆம் ஆண்டு குடியரசு நாளன்று குஜராத்தின் கட்சுப் பகுதியைக் குலைத்த நிலநடுக்கம் போன்றவை இதற்குக் காரணமாகும். நெடுநாள் தொடரும் கொடுமையால் விளைவது இரண்டாம் வகை. இல்லத்தில் அடியுண்டு வாழும் பெண்ணும், வன்முறைக்கு நடுவே வளரும் குழந்தையும் இதற்கு ஆளாகலாம். இவர்கள் அஞ்சுவதோடு நில்லாமல், தம்மையே இழிவாக எண்ணுவர். பிறரை நம்ப அஞ்சுவர். 2022-இல் நடைமுறைக்கு வந்த உலக சுகாதார நிறுவனத்தின் நோய்ப் பட்டியல் இதனைத் தனியே குறிப்பிடுகிறது. பிறர் துயரை இடையறாது கண்டும் கேட்டும் வருவோர்க்கு நேர்வது மூன்றாம் வகை. மீட்புப் பணியாளரும் செவிலியரும் இதற்கு விலக்கல்லர்.

பேரிடருக்கு ஆளானோரிற் பெரும்பாலோர் சுற்றத்தார் துணையால் நாளடைவில் தேறிவிடுகின்றனர். அவர்களை அருகிருந்து ஆற்றுங்கள். உணவும் உறக்கமும் கிடைக்கச் செய்யுங்கள். நடந்ததைக் கூறுமாறு வற்புறுத்தாதீர்கள். அவர்களே கூறினால் குறுக்கிடாமல் கேளுங்கள். ஒரு மாதத்திற்கு மேலும் துன்பம் நீடித்தால் மருத்துவரை நாடுதல் வேண்டும். முறையான உரையாடல் சிகிச்சையால் இப்புண் ஆறக்கூடியதே.

அயல் மாநிலத்தில் வாழும் நமக்கு மற்றோர் இடர்ப்பாடும் உண்டு. என் நண்பர் மருத்துவரிடம் இந்தியில் கூறியதெல்லாம் "உறக்கமில்லை" என்ற ஒன்றே. எஞ்சியவற்றை என் வீட்டு மாடியில் அமர்ந்து தமிழிற் கூறினார். கற்ற மொழியில் கணக்குச் சொல்லலாம். கலக்கத்தைச் சொல்வது அரிது. 2022 அக்டோபரில் மைய அரசு தொடங்கிய 'டெலி மானஸ்' தொலைபேசிச் சேவையை 14416 என்ற எண்ணில் அழைத்துத் தமிழிலேயே பேசலாம்; கட்டணமில்லை. நண்பரும் பின்னர்த் தமிழறிந்த மருத்துவர் ஒருவரிடம் சிகிச்சை பெற்றார். இப்பொழுது அலுவலகத்திற்குப் பேருந்திலேயே சென்று வருகிறார்.