வரலாற்று மூலாதாரமாக நாணயங்கள்: ஏதென்ஸின் ஆந்தை நாணயம்

வரலாற்றைக் கற்பதற்கு உதவும் தொல்பொருட் சான்றுகளுள் நாணயங்கள் முக்கிய இடத்தைப் பெறுகின்றன. பண்டைய நூல்கள் பல தடவை படியெடுக்கப்பட்டே எமக்குக் கிடைத்துள்ளன. நாணயமோ தான் வெளியிடப்பட்ட காலத்திலிருந்து மாற்றமின்றி வந்து சேர்கின்றது. எனினும் அது எல்லாவற்றையும் கூறிவிடுவதில்லை. ஏதென்ஸ் நகர அரசின் வெள்ளி நாணயத்தைக் கொண்டு இதனை விளங்கிக் கொள்வோம்.

1. தோற்றம்

கி.மு. 7ஆம் நூற்றாண்டில், இன்றைய துருக்கியின் மேற்குப் பகுதியிலிருந்த லிடியாவில், பொன்னும் வெள்ளியும் கலந்த நாணயங்கள் வெளியிடப்பட்டன. பின்னர் கிரேக்க நகர அரசுகள் தத்தமக்குரிய சின்னங்களுடன் நாணயங்களை வெளியிட்டன. ஏஜினா ஆமையையும், கொரிந்த் சிறகுடைய குதிரையையும், ஏதென்ஸ் ஆந்தையையும் பொறித்தன.

2. ஆந்தை நாணயத்தின் அமைப்பு

* முன்பக்கம்: தலைக்கவசம் அணிந்த அதீனா தெய்வத்தின் தலை.
* பின்பக்கம்: அத்தெய்வத்துக்குரிய ஆந்தை, ஒலிவ் கிளை, ஏதென்ஸைக் குறிக்கும் மூன்று கிரேக்க எழுத்துக்கள்.
* பெறுமதி: 4 திராக்மா. நிறை ஏறத்தாழ 17 கிராம்.

3. வரலாற்றுப் பின்னணி

இந்நாணயத்துக்கான வெள்ளி பெருமளவில் லோரியன் சுரங்கங்களிலிருந்து பெறப்பட்டது. கி.மு. 483 அளவில் அங்கு பெருமளவு வெள்ளி கிடைத்தது. அதனைப் பிரசைகளுக்குப் பங்கிடாது போர்க்கப்பல்களைக் கட்டுமாறு தெமிஸ்தோக்கிளிஸ் வலியுறுத்தினார். கி.மு. 480இல் சலாமிஸ் கடற்போரில் பாரசீகர் தோற்பதற்கு இக்கப்பல்கள் பெரிதும் உதவின.

கி.மு. 413இல் ஸ்பார்ட்டாப் படை டெகேலியாவில் நிலைகொண்டது. சுரங்க வேலை தடைப்பட, வெள்ளி குறைந்தது. கி.மு. 406 அளவில் ஏதென்ஸ் வெற்றித் தெய்வத்தின் சிலைகளிலிருந்த பொன்னை உருக்கி நாணயமாக்கியது. வெள்ளி முலாம் பூசிய வெண்கல நாணயங்களையும் வெளியிட்டது. கி.மு. 405இல் மேடையேறிய அரிஸ்டோபனிஸின் 'தவளைகள்' நாடகம் இத்தரங்குறைந்த நாணயங்களைக் கேலி செய்கின்றது. அடுத்த ஆண்டு ஏதென்ஸ் சரணடைந்தது. அரசின் வீழ்ச்சியை அதன் நாணயத்தின் உலோகமே காட்டுகின்றது.

4. நாணயம் கூறாதவை

லோரியனில் ஒடுங்கிய சுரங்கங்களுள் வெள்ளியை அகழ்ந்தவர்களுட் பெரும்பாலானோர் அடிமைகள். டெகேலியா கைப்பற்றப்பட்ட பின் 20,000க்கும் மேற்பட்ட அடிமைகள் தப்பியோடியதாகத் துசிடிடீஸ் எழுதியுள்ளார். நாணயத்தில் தெய்வமும் ஆந்தையும் உள்ளன. அவர்களைப் பற்றிய அடையாளம் எதுவுமில்லை. நாணயம் தன்னை வெளியிட்டவர் காட்ட விரும்பியதையே காட்டும். ஆகவே அதனை எழுத்து மூலாதாரங்களுடன் ஒப்பிட்டு ஆராய்தல் அவசியமாகும்.

பரீட்சைக்கான குறிப்பு

நாணயமொன்றின் படம் தரப்பட்டால் பின்வரும் ஒழுங்கில் விடை எழுதுக:

(அ) உலோகமும் நிறையும்
(ஆ) உருவமும் எழுத்தும்
(இ) வெளியிட்ட அரசும் காலமும்
(ஈ) அதிலிருந்து அறியக்கூடியவை
(உ) அதிலிருந்து அறிய முடியாதவை

மாணவர் பலர் இறுதிப் பகுதியை எழுதாது விடுவர். மூலாதாரமொன்றின் குறைபாட்டையும் எடுத்துக்காட்டும் விடையே நிறைவான விடையாகும்.