தண்ணீரில் தணியும் வயல் சூடு

செடியிலிருந்து பறித்த பிறகும் காய்கறிக்கு உயிர் இருக்கிறது. இதைச் சொன்னால் நம் சங்கத்து நண்பர்கள் சிலர் சிரிக்கிறார்கள். உயிர் என்றால் மூச்சு வேண்டும் அல்லவா? அதுவும் இருக்கிறது. பீன்ஸ், கேரட், சோளக்கதிர் எல்லாமே பறித்த பின்னும் காற்றிலுள்ள பிராணவாயுவை வாங்கி, தமக்குள் சேர்த்து வைத்த சர்க்கரையை எரித்து, கரியமில வாயுவையும் வெப்பத்தையும் வெளியிட்டுக்கொண்டுதான் இருக்கின்றன. செடியில் இருந்த வரை எரிந்ததற்கு ஈடு கிடைத்தது. பறித்த பிறகு வரவு நின்று செலவு மட்டும் நடக்கிறது. பென்ஷன் இல்லாமல் ஓய்வு பெற்றவர் நிலைதான்.

இந்தச் செலவின் வேகம் வெப்பத்தைப் பொறுத்தது. வெப்பநிலை 10 டிகிரி கூடினால் மூச்சின் வேகம் ஏறக்குறைய இரண்டு மடங்கு, சில காய்களில் மூன்று மடங்கு ஆகிறது. இரண்டு மடங்கு என்றே வைத்துக்கொண்டாலும், 2 டிகிரியில் இருக்கும் காயைவிட 32 டிகிரியில் இருக்கும் காய் எட்டு மடங்கு வேகமாகக் கிழடாகிறது என்று கணக்கு வருகிறது. பெங்களூர் குளிர்ச்சியான ஊர் என்று நாம் பெருமை பேசினாலும், ஏப்ரல் மாதம் பிற்பகலில் மாலூர், ஒசகோட்டே பக்கத்து வயலில் பறித்த காயைத் தொட்டுப் பார்த்தால் கை சுடும். அந்தச் சூட்டோடு அதை மூட்டையில் அடைத்து, மூட்டை மேல் மூட்டையாக வேனில் அடுக்கி, இரவு கலாசிப்பாளையம் மார்க்கெட்டுக்கு அனுப்புகிறார்கள். வெளியே ராத்திரிக் குளிர் அடித்தாலும் அடுக்கின் நடுவிலுள்ள மூட்டை தன் மூச்சின் சூட்டிலேயே வெந்துகொண்டு வருகிறது. காய் வயலிலிருந்து சுமந்து வரும் இந்த வெப்பத்தைத்தான் வயல் சூடு என்கிறார்கள். இதைப் பறித்த சில மணி நேரத்துக்குள் இறக்கிவிட வேண்டும். அதற்குப் பல வழிகள் உண்டு. அவற்றில் வேகமான ஒன்று, குளிரவைத்த தண்ணீரில் நனைப்பது. ஹைட்ரோ கூலிங் என்று பெயர்.

நான் டிப்ளமா முடித்து ரயில்வேயில் சேர்ந்து, பெரும்பாலான காலம் ஏ.சி. பெட்டிகளோடு கழித்தவன். விவசாயம் எனக்குத் தொழில் அல்ல. ஆனால் வெப்பத்தை ஓரிடத்திலிருந்து எடுத்து இன்னோரிடத்தில் கொட்டும் வேலை எங்கே நடந்தாலும் கணக்கு ஒன்றுதான். வீட்டில் ‘ஒன்றரை டன் ஏ.சி.’ என்கிறோமே, அந்த டன் எது தெரியுமா? ஏ.சி.யின் எடை அல்ல. 2000 பவுண்டு கொண்ட ஒரு அமெரிக்க டன் பனிக்கட்டி 24 மணி நேரத்தில் உருகும்போது எவ்வளவு வெப்பத்தை விழுங்குமோ, அந்த அளவு. மணிக்குச் சுமார் 3024 கிலோ கலோரி. குளிர்விக்கும் இயந்திரம் வருவதற்கு முன் பனிக்கட்டியே குளிர் என்பதால் அளவுகோலும் பனிக்கட்டியாகவே நின்றுவிட்டது. நம் நாட்டில் 1934-இல் ஃபிரான்டியர் மெயிலில் குளிர்வசதிப் பெட்டி வந்தபோதும், தரைக்குக் கீழே பனிக்கட்டிப் பாளங்களை அடுக்கி, அதன் மேல் காற்றை ஊதித்தான் பயணிகளைக் குளிர்வித்தார்கள்.

இப்போது காய்க்கு வருவோம். காய்கறியில் பெரும்பகுதி தண்ணீர். எனவே அதன் வெப்பக் கொள்ளளவு தண்ணீரில் பத்தில் ஒன்பது பங்கு. ஆயிரம் கிலோ கேரட்டை 30 டிகிரியிலிருந்து 5 டிகிரிக்கு இறக்க வேண்டுமானால் 1000, 0.9, 25 மூன்றையும் பெருக்குங்கள். 22,500 கிலோ கலோரி. இதை ஒரு மணி நேரத்தில் எடுக்க ஏழரை டன் குளிர்த் திறன் வேண்டும். இப்போது ஓடும் ஏ.சி. பெட்டிகளின் கூரையில் இரண்டு யூனிட்கள் இருக்கும், ஒவ்வொன்றும் 7 டன். அதாவது 72 பேர் படுத்துத் தூங்கும் பெட்டியின் பாதிக் குளிர், ஒரே ஒரு டன் கேரட்டுக்குச் சரியாகப் போய்விடும். இதைச் சொல்லக் காரணம், ‘ஒரு ரூமில் ஏ.சி. போட்டுக் காயை வைத்தால் போதாதா’ என்று பலர் கேட்பதுதான். வைக்கலாம். குளிர ஒரு நாள், சில சமயம் அதற்கு மேலும் ஆகும். குளிர்காற்றை விசிறி வைத்துப் பெட்டிகளின் ஊடே இழுத்தால் சில மணி நேரம். தண்ணீரில் என்றால் பல காய்களுக்கு அரை மணி, முக்கால் மணி.

தண்ணீருக்கு ஏன் இந்த வேகம்? வெப்பத்தைக் கடத்துவதில் அசையாத தண்ணீர், அசையாத காற்றைவிட இருபது மடங்குக்கு மேல் திறமையானது. ஒரு லிட்டர் தண்ணீர் ஒரு டிகிரி சூடாகும்போது ஏந்திச் செல்லும் வெப்பமோ, ஒரு லிட்டர் காற்று ஏந்துவதைப் போல மூவாயிரம் மடங்குக்கும் மேல். கூடுதலாக இன்னொரு நன்மை. காற்று காயின் ஈரத்தை உறிஞ்சும், தண்ணீர் உறிஞ்சாது. கீரை, முள்ளங்கி போன்றவை நனைந்தவுடன் நிமிர்ந்து நிற்பதை வீட்டில் பார்த்திருப்பீர்கள்.

ஒரு நுணுக்கத்தையும் சொல்லிவிடுகிறேன். காய் ஒரே சீராகக் குளிர்வதில்லை. 30 டிகிரிக் காயை 2 டிகிரித் தண்ணீரில் போட்டால் வித்தியாசம் 28. அதில் பாதி குறைய, அதாவது 16 டிகிரிக்கு வர, பத்து நிமிடம் ஆகிறது என்று வையுங்கள். அடுத்த பத்து நிமிடத்தில் மிச்சத்தில் பாதி குறைந்து 9. அதற்கடுத்த பத்தில் ஐந்தரை. இப்படியே போகும். மூன்று பாதிகள் முடிந்தால் எட்டில் ஏழு பங்கு சூடு போய்விட்டது. அதோடு எடுத்துவிடுவதுதான் வழக்கம். மீதிக்காகத் தொட்டியில் வைத்திருப்பது மின்சாரத்துக்குத் தண்டம்.

நம் தமிழ்நாட்டில் இதன் பெயரே தெரியாமல் இதில் ஒரு பாதியைச் செய்துவரும் இடம் நீலகிரி. கேத்தி பாலாடா, முத்தோரை பாலாடா பக்கம் போனால் கேரட் கழுவும் இயந்திரங்களைப் பார்க்கலாம். பிடுங்கிய கேரட்டை உருளையில் கொட்டி, மலைத் தண்ணீரைப் பாய்ச்சிச் சுழற்றுகிறார்கள். மண் போவதற்காகத்தான் கழுவுகிறார்கள் என்றாலும், அந்தத் தண்ணீரின் குளிர்ச்சி வயல் சூட்டையும் கொஞ்சம் வாங்கிக்கொண்டு போகிறது. ஊட்டிக் கேரட் பளபளவென்று இருப்பதன் ரகசியத்தில் இதுவும் ஒன்று என்பது என் எண்ணம். ஆனால் அங்கேயே மூட்டை கட்டி, ஈரத்தோடு, திறந்த லாரியில் மேட்டுப்பாளையத்துக்கு இறக்கும்போது கிடைத்த குளிரெல்லாம் கொண்டை ஊசி வளைவுகளிலேயே போய்விடுகிறது. ஈரமும் சூடும் சேர்ந்தால் அழுகலுக்கு விருந்து. பாதி வேலை செய்வது சில நேரம் செய்யாமல் இருப்பதைவிட மோசம்.

எல்லாவற்றையும் நனைக்க முடியாது. கேரட், முள்ளங்கி, முட்டைக்கோசு, இனிப்புச் சோளம் இவற்றைச் சுழியம் டிகிரி வரைகூட இறக்கலாம். பீன்ஸ் 5 முதல் 7 டிகிரி. வெள்ளரி 10-க்குக் கீழே போனால் கெடும். மாம்பழம், பழுக்காத தக்காளி, வாழை இவை 12, 13 டிகிரிக்குக் கீழே போனால் தோல் கறுத்து, பழுக்காமல் போய்விடும். வெங்காயத்தை நனைக்கவே கூடாது. திராட்சையும் ஸ்ட்ராபெரியும் அப்படியே. இதில் எனக்கு ஒரு வேடிக்கை தோன்றும். லால்பாக்கைத் தலைமையிடமாகக் கொண்டு நம் தெருக்களில் கடை வைத்திருக்கும் ஹாப்காம்ஸ், 1959-இல் டாக்டர் மரிகவுடாவின் முயற்சியில் பெங்களூர் திராட்சை விவசாயிகளின் கூட்டுறவுச் சங்கமாகத்தான் பிறந்தது. இந்த ஊர்க் கூட்டுறவு எந்தப் பழத்தோடு தொடங்கியதோ, அந்தப் பழத்துக்கு நான் எழுதும் இந்த முறை ஆகாது.

மாறாக, இந்த முறைக்கென்றே பிறந்தது போன்றது இனிப்புச் சோளம். பறித்தவுடன் அதன் சர்க்கரை மாவாக மாறத் தொடங்கிவிடும். 1919-லேயே அமெரிக்காவில் அளந்து பார்த்திருக்கிறார்கள். 30 டிகிரியில் ஒரே நாளில் சர்க்கரையில் பாதிக்கும் மேல் போய்விடுகிறது. சுழியம் டிகிரியில் சில சதவீதம்தான்.

என் மனைவியின் அண்ணன் மகன் ஓசூரைத் தாண்டி தளி பக்கம் சோளமும் பீன்ஸும் போடுகிறான். அவன் சோளத்தைப் பெங்களூரில் ஒரு பெரிய கடைக்காரர்களின் கொள்முதல் மையம் இரண்டு முறை ‘இனிப்பு இல்லை, உறை வாடியிருக்கிறது’ என்று திருப்பி அனுப்பிவிட்டது. திருப்பியது கலாசிப்பாளையத்தில் பாதி விலைக்குப் போனது. 2015-இல் வெளிவந்த மத்திய அரசு ஆய்வில் கொய்யாவில் 15.88 சதவீதமும், தக்காளியில் 12.44 சதவீதமும் அறுவடைக்குப் பின் வீணாவதாகச் சொன்னார்கள். அந்தக் கணக்கில் அழுகிக் கொட்டியது வரும். இப்படி விலை விழுந்து விற்றது வராது. ஒரு சிறு விவசாயிக்கு இரண்டு வேன் சரக்கு என்பது அந்தப் பருவத்தின் உரக்கடன்.

“மாமா, டேங்கில் ஐஸ் போட்டு முக்கினால் ஆகாதா?” என்று கேட்டான். ஆகும், ஆனால் கணக்குப் போட்டுச் செய்வோம் என்றேன். ஆயிரம் லிட்டர் தொட்டி. ஒரு தடவைக்கு 200 கிலோ சோளம். 28-லிருந்து 10 டிகிரிக்கு இறக்க 3,240 கிலோ கலோரி. ஒரு கிலோ பனிக்கட்டி உருகினால் 80 கிலோ கலோரி வாங்கும். ஆக 40 கிலோ பனிக்கட்டி போதும் என்று அவன் மகிழ்ந்தான். ஆனால் 24 டிகிரியில் இருக்கும் ஆயிரம் லிட்டர் போர்வெல் தண்ணீரை முதலில் 4 டிகிரிக்குக் கொண்டுவர வேண்டாமா? அதற்கு மட்டும் 20,000 கிலோ கலோரி, 250 கிலோ பனிக்கட்டி! சோளத்தைக் குளிர்விப்பதைவிடத் தண்ணீரைக் குளிர்விப்பதுதான் பெருஞ்செலவு. எனவே தொட்டிக்குத் தெர்மகோல் உறை போட்டு, நிழலில் வைத்து, அதே தண்ணீரை அடுத்தடுத்த தடவைக்கும் பயன்படுத்த வேண்டும். விடியற்காலையில் பறிக்கவும் சொன்னேன். காசில்லாமல் கிடைக்கும் எட்டுப் பத்து டிகிரியை ஏன் விடுவது? சிறிய பம்பு ஒன்றை வைத்துத் தண்ணீரைச் சுழலவிட்டோம். தேங்கிய தண்ணீரில் கதிரைச் சுற்றி வெதுவெதுப்பான ஒரு படலம் நின்றுவிடும். உறையோடு இருந்த கதிர், நடுத்தண்டு வரை 11 டிகிரிக்கு வர ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆனது.

அதே தண்ணீரைத் திரும்பத் திரும்பப் பயன்படுத்தும்போதுதான் ஆபத்து வருகிறது. ஒரு கதிரில் இருக்கும் அழுகல் கிருமி தொட்டி முழுக்கப் பரவி எல்லாக் கதிருக்கும் போய்ச் சேரும். இன்னொன்றும் உண்டு. சூடான பழத்தைக் குளிர்ந்த தண்ணீரில் போட்டால் உள்ளிருக்கும் காற்று சுருங்குகிறது. காம்புத் தழும்பு வழியாகத் தண்ணீர் உள்ளே உறிஞ்சப்படுகிறது. கிருமியும் அதோடு உள்ளே போகிறது, பிறகு வெளியே எத்தனை கழுவினாலும் வராது. 1999-இல் அமெரிக்காவில் 13 மாநிலங்களில் 78 பேர் சால்மோனெல்லா கிருமியால் பாதிக்கப்பட்டார்கள், இருவர் இறந்தார்கள். பிரேசிலின் ஒரு பண்ணையிலிருந்து வந்த மாம்பழம் காரணம் என்று கண்டுபிடித்தார்கள். பழ ஈக்காக அந்தப் பழத்தை வெந்நீரில் வைத்து, பிறகு தண்ணீரில் குளிரவைத்திருந்தார்கள். அந்தப் பண்ணையிலிருந்து ஐரோப்பாவுக்குப் போன, இந்த இரண்டு முழுக்கும் போடாத பழத்தால் யாருக்கும் நோய் வந்ததாகத் தெரியவில்லை.

இது நமக்குத் தூரத்துக் கதை அல்ல. ஐரோப்பிய யூனியன் 2014-இல் நம் மாம்பழத்தைத் தடை செய்து 2015-இல் நீக்கிய பிறகு, 48 டிகிரி வெந்நீரில் ஒரு மணி நேரம் வைக்கும் முறை இங்கும் நடைமுறைக்கு வந்தது. வெந்நீர் உள்ள இடத்தில் பின்னாலேயே தண்ணீர்த் தொட்டியும் வரும். தக்காளி கழுவும் இடங்களில் தண்ணீரைப் பழத்தைவிட ஐந்து டிகிரி சூடாகவே வைக்க வேண்டும் என்று சொல்வதும் இந்த உறிஞ்சலுக்குப் பயந்துதான்.

ஆகவே தொட்டியில் குளோரின் இருந்தாக வேண்டும். பத்து லட்சத்தில் 50 முதல் 100 பங்கு, காரமும் அமிலமும் இல்லாத நடுநிலைத் தண்ணீரில். மண்ணும் இலையும் குளோரினைத் தின்றுவிடும் என்பதால் காலையில் போட்டது மாலை வரை இருக்காது. ரயில் நிலையக் குடிநீரில் மிச்சக் குளோரின் இருக்கிறதா என்று சொட்டு மருந்து விட்டு மஞ்சள் நிறம் பார்ப்போம். அந்தப் பழக்கத்தில், தொட்டித் தண்ணீரின் அளவுக்கு ஏற்ற சோதனைக் காகிதத்தை வாங்கிக் கொடுத்து, மணிக்கொரு தடவை பார்க்கச் சொன்னேன். தண்ணீரைத் தினமும் மாற்ற வேண்டும், வாய்க்காலிலோ மீன் பெட்டிகளோடோ கிடந்த பனிக்கட்டி கூடாது என்பதில் நான் விட்டுக்கொடுக்கவில்லை. ஐஸ் ஃபேக்டரிக்காரரிடம் எந்தத் தண்ணீர் என்று கேட்டதற்கு அவர் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார்!

குளிர்ந்த காய் மறுபடி சூடாகாமல் போய்ச் சேர வேண்டும். 2020 ஆகஸ்டில் தேவ்லாலியிலிருந்து தானாப்பூருக்கு முதல் கிசான் ரயில் விட்டார்கள், அடுத்த மாதமே பெங்களூரிலிருந்து டெல்லி நிஜாமுதீனுக்கும் விட்டார்கள். கட்டணத்தில் பாதிச் சலுகை. நல்ல காரியம்தான். ஆனால் ஓடியவற்றில் பெரும்பாலானவை சாதாரணப் பார்சல் பெட்டிகள். சலுகை சரக்கைக் குளிர்விக்காது. தளியிலிருந்து பெங்களூருக்கு மூன்று மணி நேர வழி என்பதால், பழைய தெர்மகோல் பலகைகளைப் பிக்கப் வண்டியின் உட்புறம் அடித்து, கதிர்களின் மேல் நொறுக்கிய பனிக்கட்டியைத் தூவி, தார்ப்பாய் போட்டு அனுப்பினோம்.

சரக்கு திரும்பி வரவில்லை. பனிக்கட்டிச் செலவு போகப் பெரிய லாபம் என்று சொல்ல முடியாது. பருவம் முழுக்கச் செய்வதானால் பனிக்கட்டி வாங்கிக் கட்டுப்படியாகாது. பால் பண்ணைகளில் இருப்பது போன்ற ஐஸ் பேங்க் தொட்டிதான் சரி. அதில் சிறிய கம்ப்ரசரே இரவெல்லாம் ஓடிக் குழாய்களைச் சுற்றிப் பனியைக் கட்டி வைக்கும், பகலில் சில மணி நேரத்தில் அதைச் செலவழிக்கலாம். மும்முனை மின்சாரம் வரும் நேரத்தை நம்பியிருக்கும் கிராமத்துக்கு இது பொருந்தும். தனி ஆளுக்குத் தாங்காது. நாலைந்து பேர் சேர வேண்டும். 2014-ஆம் ஆண்டு தோட்டக்கலை இயக்க விதிகளில் 6 டன் முன்குளிர்விப்பு நிலையத்துக்கு 25 லட்ச ரூபாய் மதிப்பிட்டு, சமவெளியில் 35 சதவீத மானியம் வைத்திருந்தார்கள். இன்றைய விகிதத்தை விசாரிக்க அவன் கிருஷ்ணகிரி தோட்டக்கலை அலுவலகத்துக்குப் போயிருக்கிறான். பக்கத்துத் தோட்டத்துக்காரர்கள் இருவர் கூடப் போயிருக்கிறார்கள். மூன்றாமவர் இன்னும் யோசிக்கிறார்.