அயர்லாந்துக் கதைகளும் நம் இல்லங்களும்

திருவருகைக் காலத்து ஞாயிறொன்றில், இரண்டாம் திருப்பலி முடிந்து திருவுடைகளைக் கழற்றி வைத்துக்கொண்டிருந்தேன். எம் பங்கைச் சேர்ந்த தாய் ஒருவர் தம் மகளுடன் வந்து வாயிலருகே நின்றார். மகள் மதுரையில் கல்லூரியொன்றில் ஆங்கில இலக்கியம் பயில்பவள். தாயின் கையில் மெல்லிய ஆங்கிலப் புத்தகம் ஒன்று இருந்தது.

“சாமி, இதிலே கன்னியர் மடத்தைப் பற்றித் தப்பாக எழுதியிருக்கிறதாம். இவள் இதைப் படிக்கலாமா? நீங்களே சொல்லுங்கள்” என்றார். மகள் தரையைப் பார்த்தபடி நின்றாள்.

“நான் படித்துவிட்டுச் சொல்கிறேன், அம்மா” என்று புத்தகத்தை வாங்கி வைத்துக்கொண்டேன். அன்றிரவு உணவுக்குப் பின் கையிலெடுத்தவன், நூற்றுச் சொச்சம் பக்கங்களையும் முடித்த பின்னரே படுக்கைக்குச் சென்றேன். படுத்தேனேயன்றி உறங்கவில்லை.

அந்நூல், அயர்லாந்து எழுத்தாளர் கிளேர் கீகன் 2021-இல் வெளியிட்ட ‘ஸ்மால் திங்ஸ் லைக் தீஸ்’. ‘இத்தகைய சிறு காரியங்கள்’ என்று தலைப்பைத் தமிழாக்கலாம். முன்பெல்லாம் நம் மதுரைத் தெருக்களில் விறகுக்கடைகள் இருந்ததை மூத்தோர் அறிவர். அத்தகைய கடையொன்றின் சொந்தக்காரரே கதாநாயகர். பெயர் பில் ஃபர்லாங். நிலக்கரியும் விறகும் விற்பவர். மனைவியும் ஐந்து பெண்மக்களும் உள்ளவர். இடம் நியூ ராஸ் என்னும் ஆற்றங்கரைச் சிற்றூர். காலம் 1985, கிறிஸ்து பிறப்பு விழாவுக்கு முந்திய வாரங்கள். குன்றின்மீதுள்ள கன்னியர் மடத்திற்கு அதிகாலையில் கரி கொண்டுபோகும் ஃபர்லாங், அங்குள்ள கரிக் கொட்டகைக்குள் ஓர் இளம் பெண் அடைக்கப்பட்டிருப்பதைக் காண்கிறார். கடுங்குளிர், பாதங்களில் காலணி இல்லை. குழந்தை பெற்றவள் அவள். தன் குழந்தை எங்கே என்று கேட்டுச் சொல்லும்படி அவரிடம் மன்றாடுகிறாள்.

மடத்துத் தலைவி அவரை உள்ளே அழைத்து, கணப்பருகே அமர்த்தி, தேநீர் கொடுத்து, திருவிழா அன்பளிப்பாகப் பணம் வைத்த உறை ஒன்றையும் தருகிறார். கன்னியர் நடத்தும் பள்ளியில் ஃபர்லாங்கின் பெண்கள் படிக்கிறார்கள். இளையவர்களுக்கும் அங்கேதான் இடம் வேண்டும். ஊராரும் மனைவியும் அவருக்குக் கூறும் அறிவுரை ஒன்றே: நமக்கேன் வம்பு? பள்ளி அனுமதிக்காகப் பங்கு அலுவலகத்தில் கடிதம் வாங்க வரிசையில் நிற்கும் நம் பெற்றோர்க்கு இந்நிலை புரியாததன்று. ஃபர்லாங்கும் மணமாகாத தாய்க்குப் பிறந்தவரே. அந்தத் தாயைத் துரத்தாமல் தம் வீட்டிலேயே வைத்துக் காத்தவர் ஒரு புரொட்டஸ்டாண்டு விதவை. அந்த நினைவே அவரை விடாமல் குடைகிறது.

இது வெறும் கற்பனை என்று ஒதுக்க இயலாது. மகதலேன் சலவை இல்லங்கள் எனப்பட்டவை அயர்லாந்தில் நெடுங்காலம் இருந்தன. துறவியர் நடத்திய அவ்வில்லங்களில் ஏராளமான பெண்கள் ஊதியமின்றித் துணி வெளுத்தனர். பலர் தாமாக வெளியேற இயலாதவர்கள். கடைசி இல்லம் மூடப்பட்டது 1996-இல்தான். 2013-இல் அந்நாட்டுப் பிரதமர் எண்டா கென்னி பாராளுமன்றத்தில் அப்பெண்களிடம் மன்னிப்புக் கேட்டார். 2018 ஆகஸ்டில் டப்ளின் திருப்பலியில் திருத்தந்தை பிரான்சிசும், அயர்லாந்தில் திருச்சபையினர் இழைத்த கொடுமைகளுக்காக இறைவனிடம் மன்னிப்பு வேண்டினார். திருத்தந்தையே வாய்திறந்து கூறியதைக் கல்லூரி மாணவி ஒருத்தி கதையாகப் படிக்கலாகாதா?

இவ்விடத்தில் ஒன்றை மறவாது கூறவேண்டும். 1842-இல் அயர்லாந்திலிருந்து கடல் கடந்து சென்னைக்கு வந்த காணிக்கைமாதா சபைக் கன்னியர் நம் பெண்மக்களுக்குக் கல்விக் கண்ணைத் திறந்தவர்கள். கொடைக்கானலிலும் அச்சபையினரின் பள்ளி உண்டு. அவர்களிடம் படித்த பாட்டிமார் நம் பங்குகளில் இன்றும் இருக்கிறார்கள். கீகன் எழுதியது அவர்களின் நற்பணியை அழித்துவிடாது. அவர்களின் நற்பணியும் கரிக் கொட்டகையை மறைத்துவிடாது.

எனது கதையொன்றையும் சொல்லிவிடுகிறேன். 1992-இல் பாமா எழுதிய ‘கருக்கு’ நம் மதுரையிலேயே அச்சாகி வெளிவந்தது. விருதுநகர் மாவட்டத்துப் புதுப்பட்டியில் பிறந்து, துறவற சபையொன்றில் சேர்ந்து, பின்னர் வெளியேறிய பெண்மணி அவர். நம் கோயில்களிலும் மடங்களிலும் சாதி எவ்வாறு குடியிருக்கிறது என்பதைத் தம் ஊர்ப் பேச்சு மொழியிலேயே எழுதினார். நான் அப்போது குருமட மாணவன். ‘வீட்டுக் குப்பையை வீதியில் கொட்டுவதா?’ என்று பெரியவர் ஒருவர் உணவறையில் வருந்திக் கூற, நானும் தலையசைத்தேன். நூலைக் கண்ணால் கண்டதும் இல்லை; தலையை மட்டும் அசைத்தேன். இங்கிலாந்தில் நாரிட்ச் நகரில் வாழ்ந்த லட்சுமி ஹோம்ஸ்ட்ரம் அம்மையார் அதனை ஆங்கிலமாக்க, 2000-இல் அது வெளியாகிப் பரிசும் பெற்றது. அயல்நாட்டார் படித்துப் பேசத் தொடங்கிய பின்னரே நான் படித்தேன். எந்தக் குப்பை எந்த வீட்டில் கிடந்தது என்பது அப்போது புரிந்தது. ஆகவேதான் அந்தத் தாய் புத்தகத்தை நீட்டியபோது, படிக்காமல் பதில் சொல்ல நா எழவில்லை.

கத்தோலிக்கருக்கு விலக்கப்பட்ட நூல்களின் பட்டியல் என ஒன்று இருந்ததைச் சிலர் அறிந்திருப்பீர்கள். 1966-இல் அது தன் வலுவை இழந்தது. அதற்கு முன்பே ஒரு சுவையான நிகழ்ச்சி. குடிப்பழக்கமுள்ள மெக்சிக்கோ குரு ஒருவரைப் பற்றி கிரகாம் கிரீன் என்ற ஆங்கிலேயர் எழுதிய ‘தி பவர் அண்டு தி குளோரி’ என்ற 1940-ஆம் ஆண்டு நாவல் உரோமை அதிகாரிகளின் கண்டனத்துக்கு உள்ளாயிற்று. 1965-இல் தம்மைச் சந்தித்த கிரீனிடம் திருத்தந்தை ஆறாம் பவுல், தாம் அதைப் படித்திருப்பதாகவும், கண்டனத்தைப் பொருட்படுத்த வேண்டாமென்றும் கூறினாராம். நம் வீரமாமுனிவர் பரமார்த்த குருவையும் அவருடைய மூடச் சீடர்களையும் எழுதிச் சிரிக்கவைத்தவரன்றோ? குருவைப் பற்றி ஒரு குருவே எழுதிய கேலிக்கதை அது!

இனி, குடும்பமாகப் படிக்கத்தக்க வேறு சில நூல்கள்.

முதலில் ஜான் மகாஹர்ன். 1965-இல் இவருடைய ‘தி டார்க்’ நாவலை அயர்லாந்து அரசு தடைசெய்தது. டப்ளினில் கத்தோலிக்கப் பள்ளியொன்றில் பார்த்துவந்த ஆசிரியர் வேலையும் போயிற்று. அவர் 1990-இல் எழுதிய ‘அமங்ஸ்ட் விமன்’ என்பதையே நான் பரிந்துரைப்பேன். தலைப்பு ‘அருள்நிறை மரியே’ செபத்திலிருந்து எடுத்தது. மோரன் என்ற வயது முதிர்ந்த விவசாயி, விடுதலைப் போரில் துப்பாக்கி ஏந்தியவர். மாலைதோறும் மனைவி மக்களை முழந்தாளிடச் செய்து செபமாலை சொல்லவைப்பார். செபமாலை முடிந்தபின் வீட்டில் யாருக்கும் வாய்திறக்கத் துணிவிராது. அவர் முகம் கறுத்தால் வீடே கறுக்கும். மூத்த மகன் இலண்டனுக்குப் போனவன் போனவனே. மகள்மாரோ அஞ்சிக்கொண்டே அந்தத் தந்தையை நேசிக்கிறார்கள். மரணப் படுக்கையைச் சுற்றி நின்று அவர்கள் சொல்வதும் அதே செபமாலைதான்.

‘குடும்பமாகச் செபியுங்கள்’ என்று முப்பதாண்டுகளாக மறையுரை ஆற்றிவரும் எனக்கு இந்நாவல் ஒரு சவுக்கடி. வீடு சந்திக்கப் போகும்போது, மகன் ஏன் செபத்துக்கு வருவதில்லை என்று தந்தையர் என்னிடம் முறையிடுவதுண்டு. செபம் தொடங்குமுன் அந்த வீட்டில் என்ன நடந்தது என்று நான் கேட்டதே இல்லை. இப்போது கேட்கிறேன். பெரும்பாலும் தந்தையர் பதில் சொல்வதில்லை; அடுக்களைப் பக்கமிருந்து பாத்திரச் சத்தம் மட்டும் கேட்கும்.

2006-இல் மறைந்த மகாஹர்ன் தம் கட்டுரைகளில் திருச்சபையைக் கடுமையாகக் குறை கூறுகிறார். ஆயினும் பீடமும் மெழுகுதிரியும் திருவழிபாட்டின் மொழியும் தமக்கு முதன்முதலில் அழகைக் காட்டின என்று நன்றியோடும் எழுதுகிறார். அக்கட்டுரைகள் 2009-இல் ‘லவ் ஆஃப் தி வோர்ல்டு’ என்ற தொகுப்பாக வந்தன.

மக்களை வெளிநாட்டுக்கு அனுப்பிவிட்டுக் கைப்பேசியை நோக்கிக் காத்திருக்கும் பெற்றோர்க்குக் கோல்ம் டோய்பீனின் ‘புரூக்ளின்’ ஏற்றது, 2009-இல் வெளியானது. 1950-களில் ஊரில் வேலையின்றி அமெரிக்கா செல்லும் ஐலிஷ் என்ற பெண்ணின் கதை. அவளுக்கு வேலையும் தங்குமிடமும் தேடித் தருபவர் ஒரு பங்குக்குரு. கிறிஸ்து பிறப்பு நாளில் அவர், பாலங்களும் சுரங்கப் பாதைகளும் வெட்டி ஓய்ந்து நாதியற்றுப்போன அயர்லாந்து முதியவர்களைப் பங்கு மண்டபத்தில் கூட்டி விருந்து வைக்கிறார், ஐலிஷ் பரிமாறுகிறாள். வளைகுடா நாடுகளுக்குப் போன நம் பிள்ளைகள் அந்தப் பக்கங்களில் எனக்குத் தெரிந்தார்கள். ஒன்றிரண்டு பகுதிகள் வயது வந்தோர்க்கு உரியவை. பெற்றோர் முதலில் படிப்பது நன்று.

பிரிட்டானிய நூல்களில் ஒன்றே போதும்: கசுவோ இஷிகுரோவின் ‘தி ரிமெயின்ஸ் ஆஃப் தி டே’. நாகசாகியில் பிறந்து சிறுவயதிலேயே இங்கிலாந்து சேர்ந்த இவர் 2017-இல் நோபல் பரிசு பெற்றார். ஸ்டீவன்ஸ் என்ற மாளிகைப் பணியாளர், மாடியறையில் தம் தந்தை உயிர்விடும்போதும் கீழே எசமானரின் விருந்தினர்க்குப் பரிமாறிக்கொண்டிருக்கிறார். அந்த எசமானரோ இட்லரின் ஆட்களுக்கு இணங்கிப்போனவர் என்பது காலங்கடந்து விளங்குகிறது. கீழ்ப்படிதல் வார்த்தைப்பாடு கொடுத்த எம்போன்றோர் ஆண்டுக்கொருமுறை படிக்கலாம். ஹிலரி மாண்டலின் ‘உல்ஃப் ஹால்’ பெரும்புகழ் பெற்றதே. ஆனால் புனித தாமஸ் மூரை அவர் தீட்டியிருக்கும் விதத்தை என்னால் இன்றும் ஏற்க இயலவில்லை. படித்தவர்கள் வாருங்கள், வாதிடுவோம்.

ஆங்கிலம் கடினமென்று அஞ்சுவோர் கீகனின் ‘ஃபாஸ்டர்’ என்ற குறுநாவலில் தொடங்கலாம். நூறு பக்கத்துக்குள் அடங்குவது. மேல்நிலைப் பள்ளி மாணவர்க்கும் எட்டும். பிள்ளைகள் மிகுந்த ஏழை வீட்டிலிருந்து ஒரு கோடைகாலத்துக்கு உறவினர் வீட்டில் விடப்படும் சிறுமி, அன்பு என்பது இன்னதென்று அங்கே கண்டுகொள்கிறாள். புதுநத்தம் சாலையில் 2023-இல் திறக்கப்பட்ட கலைஞர் நூற்றாண்டு நூலகத்துக்குப் பிள்ளைகளை ஒரு விடுமுறை நாளில் அழைத்துச் செல்லுங்கள். புத்தகங்களுக்கிடையே அவர்கள் அமர்ந்து பழகட்டும்.

அடுத்த ஞாயிறு புத்தகத்தை அந்த மாணவியிடம் திருப்பிக் கொடுத்து, “நீ படி; அம்மாவுக்கும் தமிழில் சொல்லு” என்றேன். கிறிஸ்து பிறப்புத் திருப்பலிக்குப் பின் தாய் என்னிடம் வந்தார். மகள் நான்கு இரவுகளில் கதை முழுவதையும் சொல்லி முடித்தாளாம்.

“கடைசியில் அந்தக் கரிக்கடைக்காரர் அந்தப் பிள்ளையைக் கைப்பிடித்து, ஊர் பார்க்க வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போகிறாரே, சாமி. அவர் சம்சாரம் கதவைத் திறந்தாளா?”

“கதையில் அது இல்லை, அம்மா. வாசலுக்கு வருமுன்பே முடிந்துவிடுகிறது.”

சற்று நேரம் யோசித்தார். “திறந்திருப்பாள். அந்த மனுசனை நாலு வார்த்தை திட்டியிருப்பாள். ஆனால் முதலில் அந்தப் பிள்ளைக்குக் குளிக்க வெந்நீர் வைத்திருப்பாள்” என்றார்.