யார் வீடு? – 7: உயிலை வென்ற பத்திரம்

உயில் எழுதிவைத்துவிட்டால் பிள்ளைகளுக்குள் சண்டை வராது என்று நம்மவர்களில் பலர் நம்புகிறார்கள். 2007இல் சிங்கப்பூர் மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்த்துவைத்த வழக்கு ஒன்று அந்த நம்பிக்கையை உடைக்கிறது. முதல் மணத்தில் இரண்டு மகன்கள் உள்ள ஒருவர், பின்னர் மணந்த மனைவியுடன் சேர்ந்து சொத்து வாங்கினார். உயிலிலோ எல்லாவற்றையும் மகன்களுக்கு எழுதினார். அப்பா போன பிறகு, “பணம் அவருடையது, ஆகவே பங்கு எங்களுக்கு” என்று மகன்கள் வழக்காடினார்கள். கூட்டுப் பெயரில் இருந்த சொத்து மனைவிக்கே என்றது நீதிமன்றம். கணவன் போட்ட பணத்தை மனைவிக்குக் கொடுத்த கொடையாகவே அது எடுத்துக்கொண்டது.

காரணம், பத்திரத்தில் பெயர்கள் நின்ற விதம். இங்கே இருவர் சேர்ந்து சொத்து வைத்திருக்க இரண்டு வழிகள் உண்டு. ‘ஜாயின்ட் டெனன்ஸி’ என்றால் தனித்தனிப் பங்கு கிடையாது; ஒருவர் இறந்தால் மற்றவருக்கு முழுதும் போய்விடும். உயில் அதைத் தொடவே முடியாது. ‘டெனன்ஸி இன் காமன்’ என்றால் ஆளுக்கு இத்தனை பங்கு. அவரவர் பங்கு அவரவர் வாரிசுக்கு.

நம் வீடுகளில் இது எப்படி வந்து இடிக்கிறது என்று பாருங்கள். தோ பாயோவில் ஒரு நான்கறை வீடு. அப்பா காலமானதும், கடன் கட்டச் சம்பளக்காரர் வேண்டுமென்று அம்மாவின் பெயரோடு மூத்தவன் பெயரும் ஏறுகிறது. அவனும் மத்திய சேம நிதியிலிருந்து போடுகிறான். தங்கைகள் கல்யாணமாகிப் போகிறார்கள். இருபது வருடம் கழித்து அம்மாவும் போகிறார். கூட்டுப் பெயர் என்றால் வீடு முழுக்க அண்ணனுக்கு. அதுவே அம்மாவின் தனிப்பெயரில் இருந்து, உயிலும் இல்லாவிட்டால், 1967ஆம் ஆண்டின் வாரிசுரிமைச் சட்டப்படி ஆண் பெண் பேதமில்லாமல் எல்லாப் பிள்ளைகளுக்கும் சமபங்கு. முஸ்லிம் குடும்பங்களுக்கு இந்தச் சட்டம் பொருந்தாது. அவர்களுக்கு ஷரியா நீதிமன்றச் சான்றிதழின்படி ஃபராயித் என்ற இஸ்லாமிய முறைப் பங்கீடு. அண்ணன் ஏமாற்றியதாகத் தங்கைகள் பேசுவார்கள். பெரும்பாலும் யாரும் யாரையும் ஏமாற்றியிருக்கமாட்டார்கள். பாரம் நிரப்பிய அன்று ஒருவரும் விசாரிக்கவில்லை, அவ்வளவுதான்.

திருத்திக்கொள்ள வழி இருக்கிறது. கூட்டு உரிமையாளர் ஒருவர் தன்னிச்சையாகவே பங்கைப் பிரித்துக்கொள்ளலாம். பிரகடனப் பத்திரம் எழுதி, பிரதியை மற்றவருக்கு நேரிலோ பதிவுத் தபாலிலோ கொடுத்து, சிங்கப்பூர் நில ஆணையத்தில் பதிய வேண்டும். மற்றவர் சம்மதம் வேண்டியதில்லை. ஆனால் யார் எவ்வளவு போட்டிருந்தாலும் சமபங்காகத்தான் பிரியும். இதை உயிரோடு இருக்கும்போதே செய்ய வேண்டும்.

ஊரில் பாகம் பிரிப்பதென்றால் நடுவே சுவரெழுப்பி, கொல்லையில் இன்னொரு அடுப்படி கட்டிவிடுவார்கள். வீடமைப்பு வளர்ச்சிக் கழக (வீவக) வீட்டில் அது நடக்காது. தேக்காவின் கடைவீடுகள் 1989இலிருந்து பாதுகாக்கப்பட்ட கட்டடங்கள். அங்கேயும் இஷ்டப்படி இடிக்க முடியாது. ஆகவே கடைசியில் விற்றுப் பணத்தைப் பிரிப்பதுதான். ஒருவர் மறுத்தாலும், அவசியம் அல்லது உசிதம் என்று கண்டால் நீதிமன்றம் விற்பனைக்கு உத்தரவிடலாம். உறவு எவ்வளவு கெட்டுக் கிடக்கிறது என்பதையும் நீதிபதிகள் பார்க்கிறார்கள்.

விற்பதிலும் நமக்கு ஒரு தனிச் சிக்கல். 1989இல் வந்த இன ஒருங்கிணைப்புக் கொள்கைப்படி புளோக்கில் சீனர் விகிதம் நிரம்பிவிட்டால், இந்தியர் தம் வீட்டைச் சீனருக்கு விற்க முடியாது. வாங்குவோர் குறைவார்கள், விலையும் இறங்கும். “எட்டு லட்சம் போகும்” என்று கணக்குப் போட்ட தம்பிக்கு, முகவர் சொல்லும் தொகை அண்ணனின் சதியாகத் தெரியும். விலைக்குச் சண்டை போடுமுன் புளோக்கின் விகித நிலவரத்தை வீவகவில் பார்த்துவிடுங்கள். பாதிக் கோபம் அங்கேயே அடங்கும்.

வழக்குக்குப் போகுமுன் சமரசம் பேசுவதே மேல் என்பது என் கட்சி. முதல் சமூக சமரச நிலையம் 1998இல் திறந்தது. கட்டணம் பெயரளவுக்குத்தான், சமரசம் செய்பவர்கள் தொண்டூழியர்கள். பெரிய சொத்தென்றால் 1997இல் தொடங்கிய சிங்கப்பூர் சமரச மையம் இருக்கிறது. அந்த மேசையில் முதலில் வருவது பணமாக இருக்காது. அம்மாவை மருந்தகத்துக்கு யார் கூட்டிப்போனது, பணிப்பெண் சம்பளம் யார் கொடுத்தது என்பதுதான் வரும். நீதிபதிக்கு அதைக் கேட்க நேரமில்லை. தாயும் பிள்ளையும் ஆனாலும் வாயும் வயிறும் வேறு என்று தெரிந்தவர்கள், கொட்டித் தீர்த்த பிறகு கணக்குக்கு வருவார்கள்.

ஊர்ச் சொத்தையும் அதே மேசையில் பேசி முடித்தால் மட்டும் போதாது. இங்கே செய்த சமரசம் அங்கேயும் செல்லாதா என்று கேட்கலாம். 2019 ஆகஸ்ட் 7இல் இந்தியா உட்பட 46 நாடுகள் கையெழுத்திட்ட சிங்கப்பூர் சமரச உடன்படிக்கை வணிகத் தகராறுகளுக்கானது. குடும்ப, வாரிசுரிமை விவகாரங்களை அது வெளிப்படையாகவே விலக்கிவிட்டது. தஞ்சாவூர் நிலத்துக்கு இந்தியச் சட்டம்தான். பாகப்பிரிவினைப் பத்திரமோ விடுதலைப் பத்திரமோ எழுதி அங்கே பதிய வேண்டும். இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 2005 திருத்தத்துக்குப் பிறகு, இந்துக் குடும்பங்களின் பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் மகனுக்குச் சமமான உரிமை உண்டு. சிராங்கூன் ரோட்டில் உட்கார்ந்து அக்காவைக் கேட்காமல் அதை விற்க முடியாது.

பெற்றோர் இருக்கிறவர்கள் இந்த வாரமே பத்திரத்தை எடுத்து, பெயர்கள் எந்த வகையில் நிற்கின்றன என்று பாருங்கள். புரியவில்லையென்றால் வழக்கறிஞரிடம் காட்டுங்கள். உயில் எழுதுவதை அதற்குப் பிறகு வைத்துக்கொள்ளலாம்.

(அடுத்த வாரம்: மசே நிதி நியமனம் – உயிலுக்குள் வராத பணம்)