வசனமும் அதன் பின்னுள்ள வினாவும்

ராகலைத் தோட்டமொன்றில் வேலைவிட்டு லயத்துக்குத் திரும்பும் பெண்ணிடம், "இன்று யாருக்கு அரைப்பேர்?" என்று கேட்டால், "எனக்குத்தான் அரைப்பேர்" என்பாள். "உனக்கு முழுப்பேரா?" என்று கேட்டாலோ, "எனக்கு அரைப்பேர்தான்" என்பாள். சொற்கள் அவையே; 'தான்' மட்டும் இடம் மாறுகிறது. அதன் இடத்தைத் தீர்மானிப்பது முன்னே எழுந்த வினா.

வரலாற்றைச் சொல்லும்போதும் இவ்வாறே. "1948இல் மலையகத் தமிழரின் குடியுரிமை பறிக்கப்பட்டது" என்கிறோம். இழந்தவர் யாரென்பது தெரிகிறது. பறித்தவர் வசனத்தில் இல்லை. "குடியுரிமையைப் பறித்தது பாராளுமன்றம் நிறைவேற்றிய சட்டம்" என்னும்போதே அது வெளிப்படுகிறது. இரண்டும் பிழையற்ற தமிழ்தான். ஆனால், "பறித்தது யார்?" என்று ஒருவர் கேட்டால்தான் இரண்டாவது வசனம் பிறக்கும்.