பூசணம் காட்டிய வழி: கட்டியைப் பட்டினி போடும் முயற்சி

சென்ற பருவத்தில் ஒரு நாள், விரவல் பற்றிய பாடம் முடிந்ததும் மாணவி ஒருவர் என்னிடம் வந்தார். "சார், என் பெரியம்மாவுக்குப் புற்றுநோய். கட்டிக்கு இரத்தம் போகாமல் தடுக்கிற மருந்து பூசணத்தில் இருக்கிறதாமே, உண்மையா? ஆஸ்பத்திரி மருந்தை நிறுத்திவிட்டு அதைத் தேடலாமா என்று வீட்டில் பேசுகிறார்கள்" என்றார்.

மருந்தை நிறுத்த வேண்டாம் என்று மட்டும் அன்று உறுதியாகச் சொன்னேன். மற்றவற்றுக்கு என்னிடம் முழுமையான விடை இல்லை. பிறகு படித்துத் தெரிந்துகொண்டதை இங்கே எழுதுகிறேன். அவருடைய கேள்விக்கான விடை, அன்று கரும்பலகையில் இருந்த பாடத்திலேயே தொடங்குகிறது என்பதுதான் வியப்பு.

தொலைவும் நேரமும்

அசையாத நீரில் ஒரு சொட்டு மையை விட்டால் அது தானாகவே மெல்லப் பரவுகிறது. மை மூலக்கூறுகள் நீர் மூலக்கூறுகளோடு மோதி மோதி, குறிப்பிட்ட திசை ஏதுமின்றி அலைவதே இதற்குக் காரணம். இதையே விரவல் என்கிறோம். நேர்வழியில் செல்லாமல் இப்படி அலைந்து செல்வதால், இரண்டு மடங்கு தொலைவைக் கடக்க நான்கு மடங்கு நேரம் பிடிக்கிறது; பத்து மடங்கு தொலைவுக்கு நூறு மடங்கு நேரம் ஆகிறது.

நீரில் கரைந்த ஆக்சிஜனை எடுத்துக்கொள்வோம். 0.1 மில்லிமீட்டர் தொலைவுக்கு விரவ அதற்குச் சுமார் 2.5 விநாடி போதும். 1 மில்லிமீட்டருக்கு நான்கு நிமிடத்துக்குச் சற்று அதிகமாகும். 1 சென்டிமீட்டர் என்றாலோ ஏறத்தாழ 7 மணி நேரம்! இதற்கிடையே வழியில் உள்ள செல்கள் வேறு ஆக்சிஜனைச் செலவழித்துவிடும். ஆகவே விரவலை மட்டும் நம்பி ஒரு பெரிய உடல் வாழ முடியாது. இதனால்தான் நம் உடலின் பெரும்பாலான செல்கள், தந்துகி எனப்படும் மிக நுண்ணிய இரத்தக் குழாய் ஒன்றிலிருந்து 0.1 முதல் 0.2 மில்லிமீட்டர் தொலைவுக்குள் அமைந்துள்ளன.

கட்டியின் பசி

உடலின் கட்டுப்பாடுகளை மீறி வளர்வது புற்றுச் செல். ஆனால் மேற்சொன்ன விதியை அதனாலும் மீற முடியாது. தனக்கென இரத்தக் குழாய்கள் இல்லாத கட்டி ஒன்றிரண்டு மில்லிமீட்டர் அளவோடு நின்றுவிடுகிறது.

இதன் முக்கியத்துவத்தை உணர்ந்தவர் அமெரிக்க அறுவை மருத்துவர் ஜூடா ஃபோக்மன். 1960களின் தொடக்கத்தில் கடற்படை மருத்துவ ஆய்வகம் ஒன்றில் பணியாற்றியபோது, உடலிலிருந்து பிரித்தெடுத்து உயிருடன் காக்கப்பட்ட தைராய்டு சுரப்பியில் அவர் புற்றுச் செல்களை வளர்த்துப் பார்த்தார். கட்டிகள் மிகச் சிறிய அளவிலேயே நின்றுபோயின. அவற்றையே உயிருள்ள எலியின் உடலில் வைத்தபோது வேகமாகப் பெருத்தன. எலியின் உடலில் புதிய இரத்தக் குழாய்கள் கிளைத்துக் கட்டிக்குள் புகுந்ததே வேறுபாடு.

கட்டி ஏதோ ஒரு பொருளைச் சுரந்து, அண்டையிலுள்ள இரத்தக் குழாய்களைத் தன் பக்கம் கிளைவிடச் செய்கிறது. அதைத் தடுத்தால் கட்டியைப் பட்டினி போடலாம் என்று 1971இல் ஃபோக்மன் எழுதினார். பல ஆண்டுகள் பலரும் இதை ஐயத்துடனேயே நோக்கினர். அத்தகைய பொருள்களுள் முதன்மையான ஒரு புரதம் 1989இல் இனம் காணப்பட்டது.

இந்த எண்ணத்தில் இன்னொரு கவர்ச்சியும் உண்டு. வளர்ந்த மனிதரின் உடலில் புதிய இரத்தக் குழாய்கள் அரிதாகவே தோன்றுகின்றன. காயம் ஆறுதல், மாதவிடாய்ச் சுழற்சி, கருப்பம் போன்ற சில வேளைகளில்தான் அவை தேவைப்படுகின்றன. எனவே புதுக் குழாய்களைத் தடுக்கும் மருந்து, கட்டியைத் தாக்கினாலும் உடலின் பிற பகுதிகளுக்கு அதிகத் தீங்கு செய்யாது என்று எதிர்பார்க்கப்பட்டது.

கெட்டுப்போன தட்டு

1985ஆம் ஆண்டு. பாஸ்டன் குழந்தைகள் மருத்துவமனையில் ஃபோக்மனின் ஆய்வகத்தில் டொனால்ட் இங்பர் என்ற இளம் ஆய்வாளர், தந்துகிகளின் உட்சுவராக அமையும் செல்களை வளர்த்துவந்தார். ஒரு தட்டில் பூசணம் பிடித்துவிட்டது. செல் வளர்ப்போர் எல்லோருக்கும் நேரும் தொல்லை இது. அத்தகைய தட்டை உடனே எறிந்துவிடுவதே வழக்கம்.

இங்பர் எறியவில்லை. உற்றுப் பார்த்தார். பூசணத்துக்கு அருகிலிருந்த செல்கள் தட்டையாகப் படர்ந்திராமல் உருண்டு சுருங்கியிருந்தன. ஆயினும் அவை சாகவில்லை. செல்லைக் கொல்லாமல் அதன் வளர்ச்சியை மட்டும் நிறுத்தும் பொருள் ஒன்று அந்தப் பூசணத்திலிருந்து கசிகிறது என்று அவர் ஊகித்தார். 1928இல் அலெக்சாண்டர் ஃபிளெமிங் பூசணம் பிடித்த தட்டு ஒன்றை உற்றுப் பார்த்ததால் பெனிசிலின் கிடைத்த வரலாறு நம் நினைவுக்கு வருகிறது அல்லவா?

அந்தப் பூசணம் ஆஸ்பெர்ஜில்லஸ் பியூமிகேட்டஸ். அதிலிருந்து பிரித்தெடுத்த பொருள் பியூமாஜிலின். இது புதிய பொருளன்று. 1949ஆம் ஆண்டிலேயே கண்டுபிடிக்கப்பட்டு, அமீபாவால் வரும் குடல் நோய்க்கும், தேனீக்களைத் தாக்கும் நோசிமா நோய்க்கும் பயன்படுத்தப்பட்டதுதான். முப்பத்தைந்து ஆண்டுகளுக்கும் மேலாகக் கையிலிருந்த பொருளின் மற்றொரு குணம் அன்றுதான் வெளிப்பட்டது.

எப்படி வேலை செய்கிறது?

செல்லில் உருவாகும் ஒவ்வொரு புரதமும் மெத்தியோனைன் என்ற அமினோ அமிலத்துடனேயே தொடங்குகிறது. புரதங்கள் பலவற்றில் இந்த முதல் கண்ணியை வெட்டி நீக்கினால்தான் அவை செம்மையாகப் பணிபுரியும். நூல் பிசிரை நறுக்கிய பிறகே தைத்த சட்டையைத் தையற்காரர் கொடுப்பது போன்றது இது. இவ்வாறு வெட்டுவதற்குச் செல்லில் இரண்டு வகை நொதிகள் உள்ளன. பியூமாஜிலின் இவற்றுள் இரண்டாம் வகை நொதியோடு மட்டும் வேதிப்பிணைப்பால் நிலையாக ஒட்டிக்கொண்டு, அதைச் செயலிழக்கச் செய்கிறது என்பது 1997இல் தெரியவந்தது. கத்தரிக்கோலின் வாயில் பசையை ஊற்றியதற்கு ஒப்பானது இது. இரத்தக் குழாயின் உட்சுவர்ச் செல்கள் இந்த இழப்பினால் மற்றப் பல செல்களைவிட எளிதில் பாதிக்கப்பட்டு, பெருகுவதை நிறுத்திவிடுகின்றன.

எலியும் மனிதரும்

பியூமாஜிலினை எலிகளுக்குக் கொடுத்தபோது கட்டியின் வளர்ச்சி குன்றியது. ஆனால் எலிகளும் மிகவும் மெலிந்துவிட்டன. ஆகவே ஜப்பானின் டகேடா மருந்து நிறுவனத்தினரும் ஃபோக்மன் குழுவினரும் சேர்ந்து, அதன் அமைப்பைச் சிறிது மாற்றி, ஆற்றல் கூடியதும் நச்சுத்தன்மை குறைந்ததுமான பொருள் ஒன்றை ஆக்கினர். டிஎன்பி-470 என்று பின்னர் பெயர் பெற்ற அதைப் பற்றிய கட்டுரை 1990இல் வெளிவந்தது. எலிகளில் அது பல வகைக் கட்டிகளைக் கட்டுப்படுத்தியது.

1990களில் நோயாளிகளிடம் சோதனைகள் நடந்தன. சிலருக்குக் கட்டி சுருங்கியது. ஆனால் இரு தடைகள் குறுக்கிட்டன. ஒன்று, மருந்து இரத்தத்தில் சில நிமிடங்களிலேயே சிதைந்துவிட்டது. மற்றொன்று, அது மூளைக்குள்ளும் புகுந்து தலைசுற்றல், நடைத் தள்ளாட்டம், மனச்சோர்வு ஆகியவற்றை உண்டாக்கியது. மருந்தை ஒரு நீண்ட பலபடி மூலக்கூறுடன் பிணைத்துவிட்டால் அது மூளைக்குள் நுழையாது என்று 2004இல் எலிகளில் காட்டினார்கள். எனினும் பியூமாஜிலின் குடும்பத்தைச் சேர்ந்த எந்தப் பொருளும் புற்றுநோய்க்கான மருந்தாக ஒப்புதல் பெறவில்லை.

அப்படியானால் ஃபோக்மனின் கருத்து பொய்த்துவிட்டதா? இல்லை. அதே 2004ஆம் ஆண்டில், இரத்தக் குழாய்களைக் கிளைவிடச் செய்யும் அந்தப் புரதத்தைப் பிடித்து முடக்கும் பெவாசிசுமாப் என்ற மருந்து, பரவிய பெருங்குடல் புற்றுநோய்க்கு அமெரிக்காவில் ஒப்புதல் பெற்றது. இது பூசணத்திலிருந்து வந்ததன்று. ஆனால் அதே எண்ணத்திலிருந்து பிறந்தது. வழக்கமான மருந்துகளை மட்டும் பெற்ற நோயாளிகளில் பாதிப்பேர் 15.6 மாதங்களுக்கு மேல் வாழ்ந்தனர். இதையும் சேர்த்துப் பெற்றவர்களில் அந்தக் காலம் 20.3 மாதங்களாக நீண்டது. ஐந்து மாதங்களுக்குச் சற்றுக் குறைவான வேறுபாடு. எலிகளைக் கண்டு எழுந்த நம்பிக்கைக்கு இது சிறியது. ஒரு குடும்பத்துக்கு இது சிறியதன்று.

மாணவிக்கு விடை

பூசணத்தில் அப்படி ஒரு பொருள் இருப்பது உண்மை. ஆனால் பூசணம் மருந்தன்று. இதே ஆஸ்பெர்ஜில்லஸ் பியூமிகேட்டஸ் உடல் வலுவிழந்தவர்களின் நுரையீரலைத் தாக்கி உயிருக்கே உலை வைக்கக்கூடியது. அதன் உறவினமான ஆஸ்பெர்ஜில்லஸ் பிளேவஸ், ஈரம் பட்ட நிலக்கடலையில் வளர்ந்து, கல்லீரல் புற்றுநோயை உண்டாக்கும் அப்ளாடாக்சின் என்ற நஞ்சைச் சேர்க்கிறது. புற்றுநோய் சிகிச்சை பெறுபவர்களோ நோய் எதிர்ப்பாற்றல் குன்றியவர்கள். அவர்கள் பூசணத்துக்கு அருகிலேயே செல்லக் கூடாது.

கட்டிக்கு இரத்தம் செல்வதைத் தடுக்கும் மருந்துகள் இன்று மருத்துவமனைகளிலேயே உள்ளன. அவை எல்லா வகைப் புற்றுநோய்க்கும் பொருந்துவன அல்ல. பெரும்பாலும் மற்ற மருந்துகளோடு சேர்த்தே தரப்படுகின்றன. "பெரியம்மாவுக்கு அவற்றுள் ஏதேனும் பொருந்துமா?" என்று சிகிச்சை அளிக்கும் மருத்துவரிடமே கேட்கலாம். அந்த மாணவியின் கேள்வி நல்ல கேள்விதான். அதைக் கேட்க வேண்டிய இடம் அதுவே.